காலைப் பிஸ்கட்டுக்கு எந்த மாவு: கோதுமையா, கேழ்வரகா, கம்பா, ஓட்ஸா?

காலை ஏழரைக்குப் பள்ளிப் பேருந்து வந்துவிடும், இட்லி சாப்பிட உட்கார நேரம் கிடையாது, பாக்கெட் பிஸ்கட் கொடுத்தனுப்ப மனமும் இல்லை. இப்படிப்பட்ட வீடுகளில் பிஸ்கட்டை வீட்டிலேயே சுட்டு வைத்துக்கொள்ளலாம் என்று முடிவெடுத்த பிறகு எல்லாரும் வந்து நிற்கும் கேள்வி, எந்த மாவில் சுடுவது என்பதுதான். கேழ்வரகு நல்லது என்கிறார் ஒருவர். கம்புதான் நம்ம ஊர்ச் சத்து என்கிறார் இன்னொருவர். ஓட்ஸ் போடச் சொல்லிக் காணொளிகள் வந்தபடி இருக்கின்றன. பிள்ளையோ கோதுமை பிஸ்கட்டைத்தான் தொடுகிறது.

சத்துப் பட்டியலை மட்டும் பார்த்து மாவை எடுப்பதுதான் இதில் பெரிய தவறு. எவ்வளவு சத்தான மாவாக இருந்தாலும், ஐந்தாம் நாள் கசந்துபோனாலோ டிபன் டப்பாவில் உதிர்ந்து தூளானாலோ அது குப்பைக்குத்தான் போகும். வீட்டில் எத்தனை பேர், ஒருமுறை சுட்டது எத்தனை நாளில் தீரும், மாவை எங்கே திரிக்கிறீர்கள் என்பதையெல்லாம் முதலில் கணக்குப் போட்டுவிட்டு மாவுக்கு வாருங்கள்.

## எதையெல்லாம் பார்க்க வேண்டும்

காலைப் பிஸ்கட் டீக்குத் தொட்டுக்கொள்ளும் பிஸ்கட் அல்ல. பதினொரு மணி வரை பசி தாங்க வேண்டும். அதற்குத் தவிடு நீக்காத மாவும் கொஞ்சம் கடலையோ எள்ளோ வேண்டும், இனிப்பு குறைய வேண்டும். இதுதான் முதல் அளவுகோல்.

அடுத்தது உறுதி. கையில் எடுத்தால் உடையக் கூடாது, கடித்தால் பல் வலிக்கவும் கூடாது. மூன்றாவது தாங்கும் காலம்: மாவு எத்தனை நாள், சுட்ட பிஸ்கட் எத்தனை நாள் என்று இரண்டையும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும். நான்காவது, பில்லில் வராத செலவு: வறுக்கும் நேரம், மில்லுக்கு நடப்பது, கேஸ், கரண்ட். கடைசியாக, சாப்பிடப் போவது யார்? பல் விழும் வயதுப் பிள்ளைக்கும், சர்க்கரை நோய் உள்ள பெரியவருக்கும், கோதுமை ஒத்துக்கொள்ளாதவருக்கும் ஒரே விடை கிடையாது.

## ஒப்பிடுவதற்குப் பொதுவான அளவு

மாவு மட்டும் மாறி மற்றதெல்லாம் ஒன்றாக இருந்தால்தான் வித்தியாசம் தெரியும். கீழே எல்லாமே இந்த அளவை வைத்துத்தான் சொல்லப்படுகிறது:

- மாவு 200 கிராம்
- கருப்பட்டி 80 கிராம்
- உப்பில்லாத வெண்ணெய் 80 கிராம் (நெய் என்றால் 65 கிராம் போதும், வெண்ணெயில் ஆறில் ஒரு பங்கு தண்ணீர்தான்)
- ஒன்றிரண்டாகப் பொடித்த வறுத்த நிலக்கடலை 30 கிராம்
- பேக்கிங் பவுடர் அரை டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூன்
- சுக்குப் பொடி அரை டீஸ்பூன், ஏலக்காய் 2
- பால் 2 அல்லது 3 மேசைக்கரண்டி, தேவைப்பட்டால் மட்டும்

கருப்பட்டியை உடைத்து 30 மி.லி. தண்ணீரில் சிறுதீயில் கரைத்து வடிகட்டுங்கள். மண் இல்லாத கருப்பட்டி அபூர்வம். அதனால் தூளாக்கி அப்படியே போட்டுவிடலாம் என்று நினைக்க வேண்டாம், பல்லில் நறநறக்கும். வடித்த பாகை மறுபடி அடுப்பில் வைத்து, தேன் பதத்துக்கு வந்ததும் இறக்கி முழுக்க ஆறவிட வேண்டும். சூடாக ஊற்றினால் வெண்ணெய் உருகி மாவு எண்ணெய் கக்கும். ஆறிய பாகையும் வெண்ணெயையும் நன்றாக அடித்துக் கலந்து, சலித்த மாவையும் மற்றவற்றையும் சேர்த்து, விரல் நுனியால் கூட்டினால் போதும்.

20 கிராம் உருண்டைகளாக எடுத்து முக்கால் சென்டிமீட்டர் கனத்துக்குத் தட்டினால் 20 முதல் 22 பிஸ்கட் வரும். 160 டிகிரியில் 16 முதல் 18 நிமிடம். சீனி போட்ட பிஸ்கட்டுக்கு 170 டிகிரி வைக்கலாம். கருப்பட்டியும் வெல்லமும் சீக்கிரம் கருகும், அதனால்தான் 10 டிகிரி குறைவு. நான்கு பிஸ்கட், ஒரு டம்ளர் பால், ஒரு வாழைப்பழம் என்றால் வளர்ந்த பிள்ளைக்கு ஒரு காலைச் சாப்பாடு ஆகிவிடும்.

சித்திரை, வைகாசி வெயிலில் வெண்ணெய் தட்டும்போதே உருகிவிடும். அப்போது தட்டிய பிஸ்கட்டைத் தட்டோடு 20 நிமிடம் ஃபிரிட்ஜில் வைத்துவிட்டுச் சுடுங்கள், பரந்து ஒன்றோடொன்று ஒட்டாது.

## கோதுமை மட்டும்

முதன்முறை சுடுபவர்களுக்கு இதுதான் சரி. கோதுமையின் ஒட்டும் தன்மை பிஸ்கட்டைச் சிதறாமல் பிடித்துக்கொள்கிறது, நிறம் மாறுவது கண்ணுக்குத் தெரிகிறது, பிள்ளைகளுக்கும் பழகிய ருசி. கோதுமை வாங்கிக் கழுவிக் காயவைத்து மில்லில் திரித்தால் தவிடு முழுசாக இருக்கும். பாக்கெட் ஆட்டாவைவிடக் கொஞ்சம் நறநறப்பாக இருந்தாலும் பிஸ்கட்டுக்கு அது நல்லதுதான்.

கெடுவது ஒரே இடத்தில்: பிசைவதில். சப்பாத்திக்குப் பிசைந்து பழகிய கை, தன்னையறியாமல் அழுத்திப் பிசைந்துவிடும். ஈரம் பட்ட மாவை அழுத்த அழுத்த உள்ளே பசை வலுத்து, ஆறிய பிஸ்கட் ஓடுபோல ஆகிவிடும். மாவு ஒன்றுசேர்ந்ததும் கையை எடுத்துவிடுங்கள். பாலையும் கரண்டி கரண்டியாகத்தான் விட வேண்டும். அரை டம்ளர் ஊற்றிவிட்டு, மாவு இளகிவிட்டதே என்று இன்னும் மாவைப் போட்டால் வெண்ணெய்க் கணக்கும் இனிப்புக் கணக்கும் தப்பிப்போகும்.

பசி தாங்குவதில் கோதுமை நடுத்தரம். கடலையை 30 கிராமிலிருந்து 50 ஆக்கினால் அந்தக் குறை பெரும்பாலும் தீர்ந்துவிடும். கோவில்பட்டிப் பக்கம் விளையும் கடலையை வாங்கி வீட்டில் வறுத்துத் தோல் நீக்குவது, வறுத்த பாக்கெட் கடலையைவிட விலையும் குறைவு, வாசமும் கூடுதல்.

## கேழ்வரகும் கோதுமையும் பாதிப் பாதி

பெரும்பாலான வீடுகளுக்கு நாங்கள் சொல்லுவது இதைத்தான். 100 கிராம் கேழ்வரகு மாவு, 100 கிராம் கோதுமை மாவு.

கேழ்வரகின் பலம் சுண்ணாம்புச் சத்து. 100 கிராம் மாவில் சுமார் 350 மில்லிகிராம் கால்சியம் உண்டு, கோதுமையில் அதில் பத்தில் ஒரு பங்கு அளவுதான். ஆனால் புரதம் கோதுமையைவிடக் குறைவு, 7 கிராம் அளவில் நின்றுவிடும். கேழ்வரகு என்றாலே எல்லாச் சத்தும் கூடுதல் என்று நினைப்பவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். கடலையும் பாலும் கூட இருந்தால்தான் கணக்கு நேராகும்.

கேழ்வரகில் கோதுமைக்குள்ள பசை கிடையாது. தனியாகச் சுட்டால் வாயில் மணலாக உதிரும். பாதிக்குப் பாதி கோதுமை சேரும்போது உறுதியும் கிடைக்கிறது, கேழ்வரகின் மண்வாசமும் தங்குகிறது. கேழ்வரகு 140, கோதுமை 60 வரை போகலாம், அதற்குமேல் வேண்டாம்.

இதில் இரண்டு வேலை கூடுதல். கேழ்வரகு மாவைக் கனத்த சட்டியில் சிறுதீயில் ஐந்தாறு நிமிடம், வாசம் கிளம்பும் வரை வறுத்து ஆறவிட வேண்டும். இல்லாவிட்டால் பச்சை வாடை போகாது, பிள்ளைகள் ஒதுக்குவதும் பெரும்பாலும் அந்த வாடைக்காகத்தான். வறுத்த மாவு ஈரத்தைக் கூடுதலாகக் குடிக்கும், பால் ஒரு மேசைக்கரண்டி அதிகம் பிடிக்கும். கலந்த மாவை மூடி 20 நிமிடம் வைத்துவிட்டுத்தான் தட்ட வேண்டும். கேழ்வரகு மெதுவாக ஊறும் மாவு. உடனே தட்டிச் சுட்டால் நறநறப்பு தங்கிவிடும்.

வெந்ததா என்று பார்ப்பதில்தான் பலர் தடுமாறுகிறார்கள். மாவே கருஞ்சிவப்பு, கருப்பட்டியும் சேர்ந்து இன்னும் கறுத்திருக்கும். பொன்னிறம் வரட்டும் என்று காத்திருந்தால் கருகிப்போகும். 15ஆம் நிமிடத்தில் ஒன்றை விரலால் தொட்டுப் பாருங்கள். ஓரம் அசையாமல் இருக்க வேண்டும், நடு லேசாக அமுங்க வேண்டும். அப்படியே எடுத்து, தட்டிலேயே பத்து நிமிடம் விட்டால் தானாக இறுகிவிடும். சூடாக இருக்கும்போது மெத்தென்று இருக்கிறதே என்று திரும்ப உள்ளே தள்ளியவைதான் மறுநாள் கல்லாகிப்போகும். ஒன்றைத் திருப்பி அடிப்பக்கத்தைப் பார்ப்பதும் நல்ல வழி. அடி காய்ந்து, தட்டில் ஒட்டாமல் நழுவினால் வெந்துவிட்டது.

முளைகட்டிய கேழ்வரகு மாவு இருந்தால் தாராளமாகப் போடலாம், தானாகவே கொஞ்சம் இனிக்கும். கருப்பட்டியை 65 கிராமாகக் குறைத்துக்கொள்ளுங்கள். அந்த மாவு சீக்கிரம் சிவக்கும், இரண்டு நிமிடம் முன்னதாகவே பார்க்க வேண்டும்.

கோதுமை ஒத்துக்கொள்ளாதவருக்கு முழுக் கேழ்வரகு என்றால், ஒரு முட்டையோ இரண்டு மேசைக்கரண்டி பொட்டுக்கடலை மாவோ பிடிப்புக்குச் சேர்த்து, பிஸ்கட்டைச் சின்னதாகவும் கனமாகவும் தட்டுங்கள். முட்டை போட்டால் பால் வேண்டாம். ஆனால் மில் கணக்கை மறந்துவிடக் கூடாது. உங்களுக்கு முன்னால் அங்கே கோதுமைதான் திரித்திருப்பார்கள், அந்த மாவு எந்திரத்தில் ஒட்டியிருக்கும். டாக்டர் கோதுமையை அறவே விலக்கச் சொல்லியிருக்கும் வீட்டில் பொது மில் மாவு கூடாது. மிக்ஸியில் அரைத்துச் சலித்துக்கொள்வதுதான் பத்திரம்.

## கம்பு

சங்கரன்கோவில், கோவில்பட்டிக் கரிசல் பக்கத்தில் கம்பு நல்லதாகக் கிடைக்கும். புரதம் 11 கிராம் அளவில், இரும்புச் சத்தும் நன்றாக உண்டு. நாலு மாவிலும் பசி தாங்குவதில் இதுதான் முதலில். கருப்பட்டியும் எள்ளும் சேர்ந்தால் வேறு எந்த மாவிலும் வராத ஒரு ருசி.

ஆனால் கம்பில் கொழுப்பு கூடுதல், 100 கிராமுக்கு 5 கிராம் அளவில். தானியமாக இருக்கும்வரை அது பத்திரமாக இருக்கும். திரித்த நிமிடத்திலிருந்து தானியத்தில் உள்ள நொதி அந்தக் கொழுப்பை உடைக்கத் தொடங்கிவிடும். ஐந்தாறு நாளில் மாவு கசக்கும், ஒரு மக்கல் வாடை வரும். கடையில் பாக்கெட்டில் கிடக்கும் கம்பு மாவை வாங்கிச் சுட்டுவிட்டு, "கம்பு பிஸ்கட்டே கசப்புதான்" என்று விட்டவர்கள் நிறைய. கசப்பு கம்பின் குணமல்ல, பழைய மாவின் குணம்.

இதற்குத் தீர்வு உண்டு. கம்பைக் கழுவி, துணியில் கட்டி, கொதிக்கும் தண்ணீரில் அரை நிமிடம் முக்கி எடுத்து வடியவிட்டு, நல்ல வெயிலில் மொரமொரவென்று காயவைத்துப் பிறகு திரிக்க வேண்டும். அந்தச் சூட்டில் நொதி அடங்கிவிடும், மாவு மூன்று வாரம் போலத் தாங்கும். மழைக்காலத்தில் இதைச் செய்ய வேண்டாம், காயாத கம்பு பூத்துவிடும். அப்போது தானியத்தை அப்படியே வறுத்து, அன்றைக்கு வேண்டியதை மட்டும் திரிப்பதே நல்லது.

அரைக் கிலோவுக்காக மில்லுக்குப் போனால் இன்னொரு சிக்கல். முன்னால் மிளகாயோ மல்லியோ அரைத்திருந்தால் முதல் பிடி மாவில் அது வந்துவிடும். அந்த முதல் பிடியைத் தனியாகப் பிடித்துக் களிக்கோ கூழுக்கோ வைத்துக்கொள்ளலாம்.

அளவு: கம்பு 120, கோதுமை 80. வெண்ணெயில் பாதிக்குப் பதிலாக 30 கிராம் நல்லெண்ணெய் சேர்த்தால் கம்புக்கு மிகப் பொருத்தம். சுட்ட பிஸ்கட்டை ஐந்தாறு நாளில் தீர்த்துவிட வேண்டும். ஆறு பேர் இருக்கும் வீட்டுக்குக் கம்பு அருமை. இரண்டு பேர் வீட்டில் பாதி அளவுக்கு மேல் சுட வேண்டாம்.

## ஓட்ஸ்

ஓட்ஸ் நம்ம பக்கம் விளைவதல்ல, கேழ்வரகைவிட விலையும் நல்ல கூடுதல். கரையும் நார்ச்சத்து இருப்பதால் கொழுப்பைக் குறைக்கச் சொன்னவர்களுக்கு நல்லது, புரதமும் உண்டு. வறுக்க வேண்டாம், மில்லுக்குப் போக வேண்டாம், மிக்ஸியில் இரண்டு சுற்று போதும். 100 கிராம் ஓட்ஸ், 100 கிராம் கோதுமை. மசாலாப் பாக்கெட் ஓட்ஸ் கூடாது, அதில் உப்பும் காரமும் கலந்தே வரும். வேலைக்குப் போய் வந்து ராத்திரி ஒன்பது மணிக்குச் சுடுகிறவர்களுக்கு ஓட்ஸ் வசதிதான், மற்றவர்கள் அதற்காகக் கேழ்வரகை விட வேண்டியதில்லை.

வீட்டில் சத்துமாவு திரித்து வைத்திருந்தால் அதிலும் சுடலாம். 80 கிராம் சத்துமாவுக்கு 120 கிராம் கோதுமை. முந்திரி, பாதாம் சேர்த்துத் திரித்த சத்துமாவு என்றால் வெண்ணெயை 10 கிராம் குறையுங்கள்.

## ஒரு பார்வையில்

| மாவு | 200 கிராமுக்குக் கலவை | கூடுதல் வேலை | மாவு தாங்குவது | பிஸ்கட் தாங்குவது | யாருக்கு |
|---|---|---|---|---|---|
| கோதுமை | 200 | இல்லை | ஒன்றிரண்டு மாதம் | இரண்டு வாரம் | முதன்முறை சுடுபவர், சிறு பிள்ளைகள் |
| கேழ்வரகு + கோதுமை | 100 + 100 | வறுத்து, ஊறவிடுவது | ஒன்றிரண்டு மாதம் | பத்து நாள் | பெரும்பாலான வீடுகள் |
| கம்பு + கோதுமை | 120 + 80 | வெந்நீரில் முக்கிக் காயவைத்துத் திரிப்பது | முக்காதது ஐந்தாறு நாள், முக்கியது மூன்று வாரம் | ஐந்தாறு நாள் | பெரிய குடும்பம், உடலுழைப்பு உள்ளவர் |
| ஓட்ஸ் + கோதுமை | 100 + 100 | மிக்ஸியில் பொடிப்பது | பாக்கெட் பிரித்தபின் ஒன்றிரண்டு மாதம் | பத்து நாள் | நேரமில்லாதவர் |

## இனிப்பு: கருப்பட்டியா, மண்டைவெல்லமா, சீனியா?

மாவுக்கு அடுத்த முடிவு இது. ருசிக்குக் கருப்பட்டிக்கு நிகர் கிடையாது, அதுவும் சுக்கோடு சேரும்போது. உடன்குடிப் பனங்கருப்பட்டிக்கு 2023இல் புவிசார் குறியீடே கிடைத்திருக்கிறது. ஆனால் சீனியைவிடப் பல மடங்கு விலை, அதனாலேயே சீனிப்பாகு கலந்த கருப்பட்டி சந்தையில் தாராளம். உடைத்துப் பாருங்கள். உள்ளே சீனிக் கட்டிபோலப் பளபளவென்று மின்னினால் சந்தேகப்படலாம். தெரிந்த கடையில், பதனீர் இறங்கும் பருவத்தில் மொத்தமாக வாங்கிக் காற்றுப் புகாமல் வைத்துக்கொள்வதே நல்லது.

கருப்பட்டி பிஸ்கட் காற்றிலுள்ள ஈரத்தை இழுக்கும். சீனி பிஸ்கட் இரண்டு வாரம் மொறுமொறுவென்று இருக்கும் இடத்தில், கருப்பட்டி பிஸ்கட் ஏழெட்டு நாளில் தளர்ந்துவிடும். கெட்டுப்போனது என்று அர்த்தமல்ல, மொறுமொறுப்புதான் போயிருக்கும். தென்காசி, குற்றாலம் பக்கம் ஆனி, ஆடிச் சாரலில் இது மூன்றே நாளில் நடக்கும். அந்த மாதங்களில் அங்கே இருப்பவர்கள் கருப்பட்டி 50, சீனி 30 என்று கலந்துகொண்டால் ருசியும் தங்கும், மொறுமொறுப்பும் தங்கும்.

மண்டைவெல்லம் இரண்டுக்கும் நடுவில். விலை குறைவு, கரைத்து வடிக்கும் வேலை அதே. ரொம்ப வெளுத்த வெல்லத்தைவிடக் கருத்த வெல்லம் கேழ்வரகோடு நன்றாகச் சேரும்.

சர்க்கரை நோய் உள்ளவருக்குக் கருப்பட்டி போட்டால் ஒன்றும் செய்யாது என்ற நம்பிக்கை இங்கே வலுவாக இருக்கிறது. அது சரியல்ல. கருப்பட்டியிலும் பெரும்பகுதி சீனியில் இருக்கும் அதே சுக்ரோஸ்தான், ரத்தத்தில் சர்க்கரையை ஏற்றத்தான் செய்யும். அவர்களுக்கென்று சுடும்போது இனிப்பை விட்டுவிட்டு, உப்பு அரை டீஸ்பூன், மிளகு, சீரகம், கறிவேப்பிலை போட்டுக் காரப் பிஸ்கட்டாகச் சுட்டுக் கொடுங்கள். பாகு இல்லாததால் மோரோ பாலோ ஐந்தாறு மேசைக்கரண்டி பிடிக்கும். மாவும் சர்க்கரையாக மாறுவதுதான், அதனால் அவர்களுக்கு இரண்டு பிஸ்கட்டோடு ஒரு அவித்த முட்டையோ சுண்டலோ இருப்பது நல்லது.

## எதில் சுடுவது

ஓடிஜி என்கிற மின்சார அடுப்பு இருந்தால் யோசிக்க வேண்டியதில்லை. ஒரே தட்டில் பன்னிரண்டு வைக்கலாம். பத்து நிமிடம் முன்சூடும் இரண்டு தட்டுச் சுடுவதும் சேர்த்து ஒரு யூனிட்டுக்கு உள்ளேயே முடியும். மாதாந்திரப் பராமரிப்புக்குக் கரண்ட் நிறுத்தும் நாளை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். பாதியில் நின்றுபோன பிஸ்கட் திரும்பச் சுட்டாலும் சரிவராது.

ஏர் ஃப்ரையரில் ஒரு தடவைக்கு ஆறேழுதான். காற்று வேகமாக வீசுவதால் மேல்பக்கம் முதலில் காயும். 150 டிகிரி, 10 முதல் 12 நிமிடம். இரண்டு மூன்று பேர் இருக்கும் வீட்டுக்குப் போதும்.

இரண்டும் இல்லை என்பதற்காக வாங்கித்தான் ஆக வேண்டும் என்பதில்லை. கனத்த பழைய அலுமினியச் சட்டியில் ஓர் அங்குலம் கல்லுப்பைப் பரப்பி, மேலே ஸ்டாண்ட் வைத்து, மூடிப் பத்து நிமிடம் சூடாக்குங்கள். வெண்ணெய் தடவிய தட்டில் பிஸ்கட்டை வைத்து உள்ளே இறக்கி, சிறுதீயில் 20 முதல் 25 நிமிடம். அடிதான் முதலில் சிவக்கும், மேல்பக்கம் வெளுத்தே இருக்கும். 15 நிமிடம் கழித்துத் திருப்பிப் போட்டால் இரண்டு பக்கமும் சமமாக வரும். ஒரு தடவைக்கு ஏழெட்டுதான் கொள்ளும், ஆக மூன்று தடவை, ஒரு மணி நேரத்துக்கு மேல் கேஸ் எரியும். குக்கரைப் பயன்படுத்தினால் கேஸ்கட்டையும் வெயிட்டையும் கழற்றிவிட வேண்டும். நான்ஸ்டிக் சட்டியை இப்படி வெறுமனே காயவைக்கவே கூடாது, பூச்சு கெட்டுப் புகை வரும். மாதம் ஒரு தடவை சுடுகிறவருக்குச் சட்டி போதும். வாரா வாரம் என்றால் ஓடிஜிதான் கட்டுப்படியாகும்.

## வைத்துக்கொள்வது

குறைந்தது ஒரு மணி நேரம் ஆறவிட்டுத்தான் டப்பாவில் போட வேண்டும். உள்ளங்கையில் வைத்தால் சூடே தெரியக் கூடாது. ஒரே பெரிய டப்பாவைவிட இரண்டு சின்ன எவர்சில்வர் டப்பாக்கள் நல்லது. ஒன்றைத் திறந்து திறந்து மூடினாலும் மற்றது காற்றுப் படாமல் இருக்கும். தளர்ந்த பிஸ்கட்டை 140 டிகிரியில் ஆறேழு நிமிடம் வைத்து ஆறவிட்டால் மறுபடி மொறுமொறுப்பாகும்.

வீட்டில் ஆள் குறைவு என்றால் மொத்தத்தையும் ஒரே நாளில் சுட வேண்டாம். பிசைந்த மாவை உருளையாக உருட்டி, பட்டர் பேப்பரில் சுற்றி, டப்பாவில் மூடி ஃபிரிட்ஜில் வைத்தால் நாலு நாள் இருக்கும். வேண்டியதை மட்டும் முக்கால் சென்டிமீட்டர் கனத்துக்கு வெட்டிச் சுட்டுக்கொள்ளலாம். கத்தி வைக்கும்போது உருளை விரிந்து உடைந்தால் குளிர் கூடிவிட்டது என்று அர்த்தம், ஐந்து நிமிடம் வெளியே வைத்துவிட்டு வெட்டுங்கள்.